எடுப்பதா, மூடுவதா, விடுவதா: ஆர்க்டிக் கடலடியில் கிடக்கும் இரண்டு சோவியத் அணு நீர்மூழ்கிகள்

கோலா தீபகற்பத்தை ஒட்டியுள்ள கில்தின் தீவுக்கு அருகே, பேரண்ட்ஸ் கடலில் ஏறக்குறைய 240 மீட்டர் ஆழத்தில் கே-159 கிடக்கிறது. அங்கிருந்து கிழக்கே, நோவாயா செம்லியா தீவுகளின் மறுபக்கத்தில், காரா கடலின் ஸ்டெபோவோய் குடாவில் வெறும் 30 மீட்டர் ஆழத்தில் கே-27 கிடக்கிறது. இரண்டும் சோவியத் கடற்படையின் அணு நீர்மூழ்கிகள். ஒவ்வொன்றிலும் இரண்டு அணு உலைகள். நான்கு உலைகளிலும் எரிபொருள் எடுக்கப்படாமல் அப்படியே இருக்கிறது. கே-159, 2003-ல் உடைப்பதற்காக இழுத்துச் செல்லும் வழியில் மூழ்கியது. கே-27-ஐ 1982-ல் கடற்படையே மூழ்கடித்தது.

இவற்றை என்ன செய்வது என்பதற்கு மூன்று வழிகள்தான் பேசப்படுகின்றன. வெளியே எடுத்து உடைத்து எரிபொருளைப் பிரிப்பது முதல் வழி. கிடக்கும் இடத்திலேயே மூடிப் புதைப்பது இரண்டாவது. கண்காணித்தபடி அப்படியே விட்டுவிடுவது மூன்றாவது. 2020-ல் ரஷ்யாவின் அணுசக்தி நிறுவனமான ரொசாட்டம், ஐரோப்பிய நிதியுதவியோடு செய்த ஆய்வை வைத்து, கடலடியில் கிடக்கும் ஆறு ஆபத்தான பொருள்களை வெளியே எடுக்க 27.8 கோடி யூரோ ஆகும் என்று கணக்குச் சொன்னது. அந்த ஆறில் இந்த இரண்டு கப்பல்களும் அடக்கம். 2022 பிப்ரவரியில் உக்ரைன் போர் தொடங்கியதும் பணம் தரவேண்டியவர்களும் வேலை செய்யவேண்டியவர்களும் பேச்சை நிறுத்திக்கொண்டார்கள். முடிவு எடுக்காமல் நின்றதால் நடைமுறையில் மூன்றாவது வழிதான் இப்போது ஓடிக்கொண்டிருக்கிறது, யாரும் அதைத் தேர்ந்தெடுக்காமலேயே. இது எனக்குக் கவலை தருகிறது. காரணத்தைச் சொல்வதற்கு முன் இந்தக் கப்பல்கள் எப்படி அங்கே போயின என்று பார்க்கவேண்டும்.

அவசரத்தில் பிறந்தவை

அமெரிக்காவின் நாட்டிலஸ் 1955 ஜனவரி 17 அன்று அணுசக்தியில் நகரத் தொடங்கியது. டீசல் நீர்மூழ்கி மின்கலம் தீர்ந்ததும் காற்றுக்காக மேலே வரவேண்டும். அணு நீர்மூழ்கிக்கு அந்தத் தேவை இல்லை. 1958 ஆகஸ்டில் நாட்டிலஸ் பனிக்கட்டிக்கு அடியிலேயே வட துருவத்தைக் கடந்தது. அதற்கு ஒரு மாதம் முன்னால்தான் சோவியத்தின் முதல் அணு நீர்மூழ்கி கே-3 தன் உலையை இயக்கி ஓடிப் பார்த்திருந்தது. 1960 ஜூலையில் ஜார்ஜ் வாஷிங்டன் என்ற அமெரிக்க நீர்மூழ்கி நீருக்கடியிலிருந்து பொலாரிஸ் ஏவுகணையை ஏவியது. மாஸ்கோவைத் தாக்கக்கூடிய ஏவுதளம் இனி எங்கே இருக்கிறது என்றே தெரியாது என்ற நிலை வந்தபின், சோவியத் கப்பல் கட்டும் தளங்களில் இரவு பகல் பார்க்கவில்லை. சோவியத்தும் அதன் பின் ரஷ்யாவும் கட்டிய அணு நீர்மூழ்கிகள் 240-க்கும் மேல். வேறெந்த நாடும் இத்தனை கட்டவில்லை. ஓட்டத்தில் இருந்தபோது அவற்றின் வேகம், ஆழம், சத்தம் எல்லாவற்றுக்கும் கணக்கு இருந்தது. ஓய்வுபெற்றால் எங்கே வைப்பது, எரிபொருளை யார் எடுப்பது என்பதற்குத்தான் யாரிடமும் திட்டம் இல்லை.

இதில் அமெரிக்காவும் முழுச் சுத்தம் கிடையாது. சீவுல்ஃப் என்ற அவர்களுடைய இரண்டாவது அணு நீர்மூழ்கியில் சோடியத்தால் குளிரூட்டும் உலை இருந்தது. அது சரிப்படவில்லை என்று கழற்றி, 1959-ல் அந்த உலைக்கலனை அட்லாண்டிக் கடலில் 2,700 மீட்டர் ஆழத்தில் போட்டார்கள். எரிபொருளை எடுத்துவிட்டுத்தான் போட்டார்கள் என்பது பெரிய வித்தியாசம். பிற்காலத்தில் உலைப் பகுதிகளை அறுத்தெடுத்து ஹான்ஃபோர்டு அணு வளாகத்தில் திறந்த அகழியில் வரிசையாக வைக்கும் முறைக்கு அவர்கள் வந்துவிட்டார்கள்.

கே-27, சோவியத் பொறியாளர்களின் துணிச்சலான சோதனை. மற்ற நீர்மூழ்கிகளில் உலையைத் தண்ணீர் குளிரூட்டும்; இதில் உருகிய ஈயமும் பிஸ்மத்தும் கலந்த கலவை. உலை சிறியதாகும், சக்தி கூடும். ஆனால் அந்தக் கலவை சுமார் 125 டிகிரிக்குக் கீழே போனால் கெட்டியாகிவிடும். கப்பல் துறையில் நிற்கும்போதும் சூடாகவே வைத்திருக்கவேண்டும். 1968 மே 24 அன்று பேரண்ட்ஸ் கடலில் இடப்பக்க உலையின் சக்தி திடீரென்று விழுந்தது. குளிர்விக்கும் கலவையில் சேர்ந்த கசடு குழாய்களை அடைத்து, எரிபொருளின் ஒரு பகுதி சூடேறிச் சிதைந்திருந்தது. கதிரியக்க வாயு பெட்டிகளுக்குள் பரவியது. என்ன நடக்கிறது என்று முழுதாகத் தெரியாமலேயே மாலுமிகள் உலைப் பெட்டிக்குள் போய்ப் பழுது பார்த்தார்கள். கோலா தீபகற்பத்தின் கிரெமிகா கடற்படைத் தளத்துக்குத் திரும்பியபோது சிலரைத் தூக்கித்தான் இறக்கவேண்டியிருந்தது. ஒன்பது பேர் இறந்தார்கள்.

கப்பலைச் சரிசெய்ய முடியவில்லை. கிரெமிகாவில் பல ஆண்டுகள் கட்டிப்போட்டு, 1981-ல் உலைப் பெட்டியை ஃபர்ஃபுரால் என்ற பிசினாலும் தாராலும் நிரப்பி அடைத்தார்கள். 1982 செப்டம்பரில் ஸ்டெபோவோய் குடாவுக்கு இழுத்துப் போனார்கள். கப்பலின் நீளம் ஏறத்தாழ 110 மீட்டர். குடாவின் ஆழம் அதில் மூன்றில் ஒரு பங்குகூட வராது. மூக்கு தரையில் முட்டிவிட்டது, வால் தண்ணீருக்கு மேலே நின்றது. கடைசியில் ஒரு மீட்புக் கப்பலை ஓட்டிவந்து பின்பகுதியில் மோதி, மிதப்புத் தொட்டிகளை உடைத்துத்தான் அதை மூழ்கடிக்க முடிந்தது. கதிரியக்கக் கழிவைக் கடலில் கொட்டுவதைக் கட்டுப்படுத்தும் 1972 லண்டன் உடன்படிக்கையில் அப்போது சோவியத்தும் ஓர் உறுப்பினர். கொட்டுவதற்கு அனுமதி உள்ள கழிவுக்கே ஆயிரக்கணக்கான மீட்டர் ஆழம் கேட்ட காலம் அது. இங்கே, எரிபொருளோடு இரண்டு உலைகள் 30 மீட்டரில்.

1993-ல் ரஷ்யச் சூழலியலாளர் அலெக்ஸி யாப்லோகோவ் தலைமையிலான குழு ரஷ்யக் குடியரசுத் தலைவருக்குக் கொடுத்த அறிக்கைதான் இந்தக் கொட்டல்களை வெளியுலகுக்குக் காட்டியது. பின்னால் நார்வேயிடம் ரஷ்யா ஒப்படைத்த பட்டியலின்படி காரா கடலில் சுமார் 17,000 கழிவுப் பெட்டிகள், 14 உலைகள், அதில் ஐந்தில் எரிபொருள், இவற்றோடு கே-27. ஆனால் மொத்தக் கதிரியக்கத்தில் 90 சதவீதத்துக்கு மேல், நான் முன்னே சொன்ன ஆறு பொருள்களில் அடங்கியிருக்கிறது. அதனால் 17,000 பெட்டிகளைப் பார்த்து மலைக்கவேண்டாம். கை வைக்கவேண்டிய இடம் சிறியது.

கே-159-ன் கதை வேறு மாதிரி. அதில் விபத்து எதுவும் கிடையாது. சாதாரணத் தண்ணீர் உலைகள். 1989-ல் ஓய்வு கொடுத்தார்கள். அதன்பின் 14 ஆண்டுகள் அதுவும் கிரெமிகாவில் கட்டிக் கிடந்து துருப்பிடித்தது. சோவியத் உடைந்து, சம்பளம் கொடுக்கவே கடற்படையிடம் பணம் இல்லாத காலம். பழைய நீர்மூழ்கிகளை உடைக்க மேற்கு நாடுகள் நிதி கொடுக்கத் தொடங்கியதும், 2003 ஆகஸ்ட் 28 அன்று இதையும் உடைக்கும் தளத்துக்கு இழுத்துப் புறப்பட்டார்கள். தொட்டிகள் ஓட்டையாகித் தானாக மிதக்கும் நிலையில் கப்பல் இல்லை. பக்கவாட்டில் மிதவைகளைக் கட்டி, உள்ளே பத்து பேரை ஏற்றி அனுப்பினார்கள். புயலில் மிதவை பிய்ந்தது. ஆகஸ்ட் 30 விடியுமுன் கப்பல் மூழ்கிவிட்டது. பிழைத்தவர் ஒருவர். வடக்குக் கடற்படைத் தளபதி அட்மிரல் கென்னாதி சுச்கோவ் பதவியிழந்தார். அடுத்த ஆண்டு நீதிமன்றம் அவருக்கு நான்கு ஆண்டு ஒத்திவைத்த சிறைத்தண்டனை விதித்தது. இறந்த ஒன்பது பேரில் பெரும்பாலோர் இன்னும் அந்தக் கப்பலுக்குள்தான் இருக்கிறார்கள். அவர்களோடு சேர்ந்து 800 கிலோ எரிந்து முடிந்த யுரேனிய எரிபொருள்.

விட்டுவிடலாம் என்பவர்களின் வாதம்

இதை லேசாகத் தள்ளிவிட முடியாது. வலுவான சான்றுகள் இருக்கின்றன. அமெரிக்காவின் திரெஷர் 1963-ல் 129 பேரோடும், ஸ்கார்ப்பியன் 1968-ல் 99 பேரோடும் அட்லாண்டிக்கில் மூழ்கின. இரண்டும் 2,500 மீட்டருக்கும் கீழே. அமெரிக்கக் கடற்படை அவற்றை எடுக்க முயலவில்லை. அவ்வப்போது போய்ச் சேற்றையும் நீரையும் மீனையும் சோதித்து, சுற்றுச்சூழலில் குறிப்பிடத்தக்க பாதிப்பு இல்லை என்று அறிக்கை கொடுத்துவருகிறது. 1970-ல் பிஸ்கே விரிகுடா அருகே மூழ்கிய சோவியத் கே-8, 1986-ல் அட்லாண்டிக்கில் மூழ்கிய கே-219 ஆகியவற்றை யாரும் தொடவில்லை.

இந்த வாதத்துக்கு ஆகச் சிறந்த சான்று கொம்சொமோலெட்ஸ். டைட்டானிய உடல் கொண்ட அந்தச் சோவியத் நீர்மூழ்கி 1980-களின் நடுவில் 1,020 மீட்டர் ஆழம் வரை போய்ச் சாதனை செய்தது. 1989 ஏப்ரல் 7 அன்று தீப்பிடித்து நார்வேக் கடலில், பியர் தீவுக்குத் தென்மேற்கே சுமார் 1,680 மீட்டர் ஆழத்தில் மூழ்கியது. 69 பேரில் 42 பேர் இறந்தார்கள். ஓர் உலை, அணு முனை பொருத்திய இரண்டு டார்பிடோக்கள். 2019-ல் நார்வே ஆய்வுக் கப்பல் அங்கே போய், தொலைவிலிருந்து இயக்கும் நீரடி ஊர்தியை இறக்கியது. காற்றோட்டக் குழாய் ஒன்றின் வாயருகே எடுத்த மாதிரியில் லிட்டருக்கு 800 பெக்கரல் (கதிரியக்கத்தை அளக்கும் அலகு) வரை சீசியம்-137 என்ற கதிரியக்கப் பொருள் இருந்தது. அந்தக் கடலின் வழக்கமான அளவு லிட்டருக்கு 0.001 பெக்கரல்தான், அதாவது எட்டு லட்சம் மடங்கு. கேட்கத் திகிலாக இருக்கும். ஆனால் குழாயிலிருந்து சில மீட்டர் தள்ளிப் போனதும் அந்த அளவு கரைந்து காணாமல் போனது. அந்த ஆழத்தில் மீன்பிடிப்பும் இல்லை. 30 ஆண்டுகளாக ஒழுகிக்கொண்டிருக்கும் உலை, மனிதனுக்கு எட்டும் உணவுச் சங்கிலியில் எதையும் தொடவில்லை.

நேரமும் இவர்கள் பக்கம் பேசுகிறது. சீசியம்-137-ன் அரை ஆயுள், அதாவது அது பாதியாகக் குறைய ஆகும் காலம், சுமார் 30 ஆண்டு, ஸ்ட்ரான்சியம்-90-க்கு ஏறக்குறைய அதே அளவு. கே-159-ன் உலைகள் 1989-ல் நின்றன. அப்படியானால் அதிலிருந்த சீசியத்தில் பாதி 2019-க்குள் தானாகவே தீர்ந்துவிட்டது. 2012-ல் கே-27-ஐயும் 2014-ல் கே-159-ஐயும் நார்வேயும் ரஷ்யாவும் சேர்ந்து ஆராய்ந்தன. இரண்டிலும் கவலைப்படும்படியான கசிவு இல்லை. மோசமான நிலையைக் கணக்கிட்ட நார்வே ஆய்வு ஒன்று, கே-159-ன் சீசியம் மொத்தமும் ஒரே நேரத்தில் வெளியேறினால் கிழக்கு பேரண்ட்ஸ் கடலின் காட் மீனில் இன்றைய அளவைவிட 100 மடங்கு வரை கூடலாம் என்றது. அப்போதும் நார்வேயின் உணவு வரம்பான கிலோவுக்கு 600 பெக்கரலைத் தாண்டாது.

ஆகவே "நாளைக்கே ஆர்க்டிக் செர்னோபில்" என்று எழுதுகிறவர்களை நான் நம்பவில்லை. அந்த மாதிரித் தலைப்புகள் முடிவெடுக்க உதவாது.

ஆனால் கொம்சொமோலெட்ஸுக்குப் பொருந்துவது இந்த இரண்டுக்கும் அப்படியே பொருந்தாது. 1,680 மீட்டருக்கும் 240 மீட்டருக்கும் உள்ள வித்தியாசம் வெறும் எண்ணில் முடிவதில்லை. பேரண்ட்ஸ் கடல் உலகின் மிகப் பெரிய காட் மீன் இருப்பு உள்ள இடம். அதை நார்வேயும் ரஷ்யாவும் பனிப்போர்க் காலத்திலிருந்தே பங்கிட்டு நிர்வகித்துவருகின்றன. மீன் உணவு வரம்புக்குள் இருக்கிறது என்று ஆய்வாளர் சொல்லலாம். "நூறு மடங்கு கூடியது" என்ற செய்தி வந்த மறுவாரம் அந்த மீனை ஐரோப்பியக் கடைகளில் யார் வாங்குவார்கள்? கரையோர ஊர்களின் பிழைப்பு அந்த வரம்பைவிட வாங்குகிறவரின் மனதைத்தான் நம்பியிருக்கிறது.

கே-27-ல் பிரச்சினை வேறு. அதன் எரிபொருள் 90 சதவீதம் செறிவூட்டிய யுரேனியம். யுரேனியம்-235 மட்டும் சுமார் 90 கிலோ. இதன் அரை ஆயுள் 70 கோடி ஆண்டு, எனவே காத்திருந்து குறைவதற்கு எதுவும் இல்லை. இந்த உலை உள்ளே தண்ணீர் இல்லாமல் இயங்கும்படி வடிவமைத்தது. தண்ணீர் நியூட்ரான்களின் வேகத்தைக் குறைக்கும். மெதுவான நியூட்ரான் யுரேனியத்தை எளிதாகப் பிளக்கும். சிதைந்த எரிபொருளுக்குள் போதிய தண்ணீர் புகுந்தால், நின்றுபோன உலையில் தொடர்வினை மறுபடி தொடங்கக்கூடும். இப்போது அதைத் தடுப்பது கெட்டியாகிவிட்ட ஈயக் கலவையும் 1981-ல் ஊற்றிய பிசினும் தாரும்தான். அந்தப் பிசின் அடைப்பு, மூழ்கடித்ததிலிருந்து 50 ஆண்டு தாங்கும் என்று கணக்கிட்டார்கள். 2032 தொலைவில் இல்லை.

மூடிப் புதைப்பது

இதுதான் நடுவழி போலத் தெரிவதால் பலரையும் கவரும். கப்பலை அசைக்கவேண்டாம், செலவு குறைவு. கொம்சொமோலெட்ஸில் இதன் சிறு வடிவத்தைச் செய்தும் பார்த்தார்கள்: 1990-களின் நடுவில் மீர் ஆழ்கடல் ஊர்திகளில் இறங்கி, முன்பகுதியில் டார்பிடோ அறையின் ஓட்டைகளை அடைத்தார்கள். புளூட்டோனியம் உள்ள முனைகளின் மேல் நீரோட்டம் படாமல் தடுப்பதுதான் நோக்கம். அது பயனுள்ள வேலை.

முழுக் கப்பலையும் புதைப்பது என்று வரும்போது நார்வேயின் சொந்த அனுபவம் ஒன்றைப் பார்க்கவேண்டும். 1945 பிப்ரவரியில் ஃபெட்யே தீவுக்கு அருகே பிரிட்டிஷ் நீர்மூழ்கி வென்ச்சரர், ஜெர்மானிய யு-864-ஐ மூழ்கடித்தது. இரண்டு கப்பலும் நீருக்கடியில் இருக்கும்போதே ஒன்று மற்றொன்றை அழித்ததாகப் பதிவான ஒரே நிகழ்வு அது. அதில் 67 டன் பாதரசம் இருந்தது. 2003-ல் 150 மீட்டர் ஆழத்தில் கண்டுபிடித்தார்கள். 2009-ல் எடுப்பதாக அரசு அறிவித்தது. 2018-ல் மணலும் கல்லும் போட்டு மூடுவதாக முடிவு மாறியது. அதற்குப் பிறகும் வாதம் ஓயவில்லை. பணமும் தொழில்நுட்பமும் நிலையான அரசும் உள்ள நாடு, தன் சொந்தக் கரையில், ஒரே கப்பலுக்கு இத்தனை ஆண்டு தடுமாறுகிறது.

மூடுவதில் எனக்குள்ள ஆட்சேபம் இதுதான்: மூடிய பிறகு உள்ளே என்ன நடக்கிறது என்று பார்க்க வழி இல்லை, மனம் மாறினால் திறந்து எடுப்பது இன்னும் கடினம். செர்னோபிலில் 1986-ல் அவசரமாகக் கட்டிய கான்கிரீட் கூட்டின் மேல் 30 ஆண்டு கழித்து, 2016-ல், ராட்சத வளைவைத் தள்ளிப் பொருத்தவேண்டி வந்தது. அது நிலத்தில், ரயில் தண்டவாளம் போட்டுச் செய்த வேலை. கடலடியில் 240 மீட்டரில் இரண்டாவது கூடு யார் கட்டுவார்கள்? கே-27-ஐப் பொறுத்தவரை மேலே கொட்டும் கல்லின் எடையே பழைய உடலை நசுக்கித் தண்ணீருக்கு வழி திறந்துவிடக்கூடும். மூடுவதை நான் ஒரே ஒரு சூழ்நிலையில்தான் ஏற்பேன்: ஆய்வு செய்து, தூக்கினால் உடல் நிச்சயம் உடையும் என்று தெரிந்தால்.

எடுப்பது

நீர்மூழ்கியைக் கடலடியிலிருந்து எடுக்க முடியுமா என்பது இனிக் கேள்வியே கிடையாது. முதல் பெரிய முயற்சியைச் செய்தது எதிரிதான். 1968-ல் வட பசிபிக்கில் 98 பேரோடு மூழ்கிய சோவியத் டீசல் நீர்மூழ்கி கே-129, ஏறக்குறைய 5,000 மீட்டர் ஆழத்தில் கிடந்தது. அமெரிக்க உளவு நிறுவனமான சிஐஏ, கோடீஸ்வரர் ஹோவர்ட் ஹியூஸின் பெயரில் கடலடிக் கனிமம் தோண்டும் கப்பல் என்று சொல்லி குளோமர் எக்ஸ்ப்ளோரரைக் கட்டி, 1974-ல் பிரம்மாண்டமான இடுக்கியை இறக்கியது. தூக்கும் வழியில் பெரும்பகுதி உடைந்து மறுபடி விழுந்தது. வந்த பகுதியில் இருந்த ஆறு மாலுமிகளின் உடல்களுக்குக் கடலில் முறைப்படி இறுதி மரியாதை செய்தார்கள். அந்தச் சடங்கைப் படமெடுத்த சுருளை 1992-ல் அப்போதைய சிஐஏ தலைவர் ராபர்ட் கேட்ஸ், ரஷ்யக் குடியரசுத் தலைவர் யெல்ட்சினிடம் கொடுத்தார். எதிராளியின் ரகசியத்தைத் தூக்க ஒரு வல்லரசு அந்தக் காலத்திலேயே கோடிக்கணக்கான டாலரைத் தாராளமாக எடுத்துவைத்தது. தன் கழிவைத் தூக்க இரண்டாவது வல்லரசு பல பத்தாண்டுகள் அப்படி எடுத்துவைக்கவில்லை.

சரியான முன்மாதிரி ரஷ்ய அணு நீர்மூழ்கி கூர்ஸ்க். 2000 ஆகஸ்ட் 12 அன்று டார்பிடோ வெடித்து 118 பேரோடு பேரண்ட்ஸ் கடலில் 108 மீட்டர் ஆழத்தில் அது மூழ்கியது. டச்சு நிறுவனங்களான மாமூத்தும் ஸ்மித்தும் அடுத்த ஆண்டே அதை எடுத்தன. எப்படிச் செய்தார்கள் என்பதைக் கொஞ்சம் விரிவாகச் சொல்லவேண்டும், கே-159-க்கும் இதே வழிதான் என்பதால். வெடிக்காத டார்பிடோ இருக்கலாம் என்ற பயத்தால் மூக்குப் பகுதியை முதலில் அறுத்துப் பிரித்தார்கள். இருபக்கமும் கடலடியில் ஊன்றிய நங்கூரங்களுக்கு இடையே, பற்கள் வைத்த சங்கிலி ரம்பத்தை முன்னும் பின்னும் இழுத்து எஃகை அறுத்தார்கள். முத்துக்குளிப்பவர் கையாளும் ஆழம் அல்ல அது. அழுத்தக் கூண்டிலேயே நாள்கணக்கில் வாழ்ந்த முக்குளிப்பாளர்கள், மணல் கலந்து பீய்ச்சும் தண்ணீரால் உடலின் மேல் 26 துளைகள் போட்டார்கள். ஒவ்வொரு துளையிலும் ஒரு கொக்கியை நுழைத்து விரித்து, ஜயன்ட் 4 என்ற பார்ஜிலிருந்து (தட்டையான சுமைக்கலம்) இறங்கும் 54 எஃகு இழைகள் கொண்ட கற்றையோடு பிணைத்தார்கள். பார்ஜ் அலையில் ஏறி இறங்கும்போது அந்த அசைவு கப்பலுக்குப் போகக்கூடாது என்று ஒவ்வொரு கற்றைக்கும் அடியில் நைட்ரஜன் வாயு அழுத்தத்தில் இயங்கும் அதிர்வுதாங்கி. 2001 அக்டோபர் 8 அன்று தரையிலிருந்து பெயர்த்து, பார்ஜின் வயிற்றோடு அணைத்து, ரோஸ்ல்யாகோவோ உலர்துறைக்குக் கொண்டுபோனார்கள். வழியில் கதிரியக்கம் கசியவில்லை.

கே-159 எடையில் கூர்ஸ்கைவிட மிகக் குறைவு. ஆனால் இரண்டு பெரிய வித்தியாசங்கள். ஆழம் இரு மடங்குக்கு மேல். முக்குளிப்பாளரை நம்பிச் செய்ய முடியாது, வேலையில் பெரும்பகுதியை இயந்திர ஊர்திகள்தான் செய்யவேண்டும். அதைவிட முக்கியமாக, கூர்ஸ்க் ஆறு வயதுக் கப்பல். கே-159-ன் எஃகோ 1963-ல் சேவைக்கு வந்தது. மூழ்கும்போதே துருவேறி மெலிந்திருந்தது. 26 துளை போட்டு அதே மாதிரித் தூக்கினால் தகடு கிழியலாம். அடியில் பட்டைகளை நுழைத்தோ, முழு உடலையும் ஏந்தும் தொட்டிலை இறக்கியோ தூக்கவேண்டியிருக்கும். பாதியில் உடைந்தால், இன்று வரை கசியாத உலையை நாமே கசியவைத்ததாக ஆகும். எடுக்கவேண்டும் என்பவர்கள் இதைச் சொல்லாமல் மறைப்பது நேர்மையில்லை.

கே-27-க்கு ஆழம் சாதகம். 30 மீட்டர் என்பது சாதாரண முக்குளிப்பாளர் வேலை செய்யும் தூரம். உடலும் ஓரளவு முழுமையாக இருக்கிறது. எடுத்தபின் கொண்டுபோக இடமும் உண்டு: இதே வகை ஈய உலைகள் கொண்ட ஆல்ஃபா வகை நீர்மூழ்கிகளின் எரிபொருளைக் கிரெமிகாவில் பிரித்த அனுபவம் ரஷ்யர்களிடம் இருக்கிறது. பாதகம், கடல் உறையாமல் கிடைப்பது கோடையின் சில வாரங்களே. தூக்கும்போது கப்பல் சாய்ந்தாலோ அதிர்ந்தாலோ உள்ளே தண்ணீர் நகர்ந்து தொடர்வினை தொடங்கும் ஆபத்தை நார்வேயின் கதிரியக்கப் பாதுகாப்பு ஆணையமே கணக்கிட்டுப் பார்த்திருக்கிறது. அது நீருக்கு மேலே நடந்தால் காற்றில் பரவும். நீருக்குள் நடப்பதைவிட அது மோசம்.

எதை முதலில்

கொம்சொமோலெட்ஸை விட்டுவிடலாம். அந்த ஆழத்திலிருந்து எடுப்பதன் ஆபத்தும் செலவும் அது தரும் பயனுக்கு எந்த விகிதத்திலும் இல்லை. அடைத்த ஓட்டைகளைச் சில ஆண்டுக்கு ஒருமுறை போய்ப் பார்த்தால் போதும்.

மற்ற இரண்டையும் எடுக்கவேண்டும். பலர் கே-27-ஐ முதலில் எடுக்கச் சொல்வார்கள்: எளிது, 2032 கெடு இருக்கிறது, யுரேனியம் தானாகக் குறையாது. நியாயமான வாதம்தான். ஆனாலும் நான் கே-159-ஐத்தான் முன்னால் வைப்பேன். கே-27-ன் உலைகளைச் சுற்றிக் கெட்டியான ஈயம் இருக்கிறது, பிசின் இருக்கிறது, 50 ஆண்டு என்று சொன்னது 51-ஆம் ஆண்டு காலையில் உருகிவிடாது. ஆட்களில்லாத மூடிய குடா. நடக்கக்கூடாதது நடந்தாலும் பெரும்பகுதி அங்கேயே தேங்கும். கே-159-ன் உலைகளை யாரும் எதைக் கொண்டும் அடைக்கவில்லை, ஏனென்றால் அதை மூழ்கடிக்க யாரும் நினைக்கவில்லை. திறந்த கடல், நீரோட்டம், மீன். எல்லாவற்றுக்கும் மேல் துரு. கே-27-ஐ 2035-லும் தூக்கலாம். கே-159-ஐ 2035-ல் தூக்க முடியுமா என்பது தெரியாது. ஒரு வழி நம் கையைவிட்டுப் போய்க்கொண்டிருக்கும்போது, அந்த வழி தேவைப்படும் கப்பலைத்தான் முதலில் பார்க்கவேண்டும்.

தேவைப்படும் பணம் பெரிதல்ல. ரொசாட்டம் சொன்ன கணக்கில் கே-159-க்கு 5.75 கோடி யூரோ, கே-27-க்கு 4.77 கோடி. கூர்ஸ்கை எடுக்கவே சுமார் 6.5 கோடி டாலர் ஆனது. ஒரு புதிய அணு நீர்மூழ்கி கட்டும் விலைக்குப் பக்கத்தில் இவை ஒன்றுமே இல்லை. ரஷ்யா அந்தக் கணக்கு வந்த பிறகும் புதிய நீர்மூழ்கிகளைத் தொடர்ந்து நீரில் இறக்கிவருகிறது. ஆகவே போர் முடியட்டும், மேற்கு நாடுகள் பணம் கொடுக்கட்டும் என்று மாஸ்கோ காத்திருப்பதை நான் ஏற்கவில்லை. கட்டியவர்கள் அவர்கள், மூழ்கவிட்டவர்களும் அவர்கள். அதே சமயம் ஓஸ்லோவும் (நார்வே) பிரஸ்ஸல்ஸும் (ஐரோப்பிய ஒன்றியம்) பெரும்பாலான தொடர்புகளை அறுத்ததில் கடலடி அளவீடுகளையும் சேர்த்து அறுத்தது தவறு. பனிப்போரின் உச்சத்தில்கூட மீன் ஒதுக்கீட்டுக்காக இரு நாட்டு விஞ்ஞானிகளும் ஒரே மேசையில் உட்கார்ந்தார்கள். கே-159-ன் தகட்டின் தடிமன் இன்று எவ்வளவு என்பது இரு தரப்புக்கும் தெரியவேண்டிய எண்.

இந்தியாவுக்கும் இதில் பார்க்கவேண்டியது உண்டு. அரிஹந்த் நீர்மூழ்கியின் உலைக்கு நிலத்தில் மாதிரி கட்டி ஓட்டிப் பார்த்தது நம் கல்பாக்கத்தில்தான். அந்த வரிசைக் கப்பல்கள் ஒருநாள் ஓய்வுபெறும்போது உலைப் பகுதியை எங்கே அறுப்பது, எங்கே வைப்பது என்ற திட்டம் முதல் கப்பல் சேவையில் இருக்கும்போதே பொதுவெளியில் இருக்கவேண்டும்.

கே-159-க்கு உடனே செய்யவேண்டிய வேலை தூக்குவதுகூட இல்லை. 2014 பயணம் போல ஒரு ஆய்வுக் கப்பல், ஒரு நீரடி ஊர்தி, தகடுகளின் தடிமனைப் பல இடங்களில் அளக்கும் மீயொலிக் கருவி, ஒரு கோடைக்காலம். அந்த அளவீட்டைப் பார்த்துப் பட்டையா தொட்டிலா என்று பொறியாளர்கள் முடிவு செய்யட்டும். இரண்டும் ஆகாது என்று எண்கள் சொன்னால் மூடுவதற்கு நானே கை தூக்குவேன். அளக்காமல் ஒவ்வொரு கோடையையும் கடத்துவதற்குத்தான் எந்தத் தரப்பிடமும் நியாயம் இல்லை.